நங்கையா நூறு எண்ணுவார்

செய்தி வந்தபோது மணி மூன்று இருபது. கல்லூரி நூலகத்தில், மாணவர்கள் திருப்பிக் கொடுத்த புத்தகங்களை அலமாரி வாரியாகப் பிரித்துக்கொண்டிருந்தேன். மேசை இழுப்பறைக்குள் கைப்பேசி அதிர்ந்தது. என் கணவர் மோகன்குமார் வேலை நேரத்தில் அழைக்கவே மாட்டார். எடுத்தேன்.

"பிரியா, அக்கா போயிருச்சு" என்றார்.

"எங்கீங்க?" என்று கேட்டேன். மார்கழி மாதத்தில் அவருடைய அக்கா எங்காவது போய்க்கொண்டேதான் இருப்பார். அதனால் அப்படித்தான் கேட்கத் தோன்றியது. அந்தப் பக்கம் பட்டறையில் கம்பிரசர் ஓடும் சத்தம் கொஞ்ச நேரம் கேட்டது.

"கெங்கவல்லி ஆஸ்பத்திரியிலருந்து போன் பண்ணாங்க" என்றார். அப்போதுதான் புரிந்தது.

அந்த அக்காவின் பெயர் அறிவுச்செல்வி. ஆவணப்படங்களை யாரிடமும் வேலை பார்க்காமல் தாமே ஒளிப்பதிவு செய்து, தாமே இயக்கியவர். நாற்பத்தைந்து வயது. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஊரார் கல்யாணங்களை ஆயிரத்துக்குமேல் படம் எடுத்தவர். திருச்செங்கோட்டில் எங்கள் வீட்டு மாடி அறையில்தான் இருந்தார். எங்கள் பக்கம் கணவரின் அக்காவை நங்கையா என்போம். பதினேழு வருடங்கள் அப்படியே கூப்பிட்டுவிட்டதால், இங்கே அவர் பெயரை எழுதும்போது யாரோ ஒருவரைப் பற்றி எழுதுவது போல இருக்கிறது. நங்கையா என்றே எழுதுகிறேன்.

காரியமெல்லாம் முடிந்து நான்காம் நாள், கெங்கவல்லியிலிருந்து ஒரு விவசாயி பேருந்தில் வந்து கேமராவையும் அதை நிறுத்தும் முக்காலியையும் கொடுத்துவிட்டுப் போனார். அவருடைய மக்காச்சோளக் காட்டில் படம் எடுத்துக்கொண்டிருந்தபோதுதான் நங்கையா நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்திருக்கிறார். "எத அமுக்கறதுன்னு தெரியல சார். நாங்க அம்மாவத் தூக்கிக்கினு ஓடுனோம். அது பாட்டுக்கு ஓடிக்கினே இருந்துச்சு. அப்புறமா தானா நின்னுப்போச்சு" என்று என் கணவரிடம் மன்னிப்புக் கேட்பது போலச் சொன்னார்.

அந்தப் பதிவைப் பார்க்க என் கணவரால் முடியவில்லை. நான் பார்த்தேன். ஐம்பத்திரண்டு நிமிடங்கள். முதல் பத்து நிமிடம் இரண்டு பெண்கள் கதிர் ஒடித்துச் சாக்கில் போடுகிறார்கள். பிறகு ஒரு சத்தம். பெண்கள் இருவரும் கேமராவை நோக்கி ஓடி வந்து, திரையின் சட்டத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். "தண்ணி, தண்ணி" என்று ஒரு குரல். அதற்குப் பிறகு யாரும் இல்லை. பாதி நிரம்பிய சாக்கு அப்படியே நிற்கிறது. ஒரு வெள்ளாடு மெதுவாக உள்ளே வருகிறது. சாக்கை முகர்ந்து பார்க்கிறது. விரட்ட ஆள் இல்லை என்று அதற்கு நம்பிக்கை வருவதற்கே இரண்டு மூன்று நிமிடம் ஆகிறது. பிறகு ஒவ்வொரு கதிராக வெளியே இழுத்துத் தின்கிறது. பேட்டரி தீரும்வரை தின்கிறது.

நங்கையா இருந்திருந்தால் அந்த ஆட்டுக்காகவே நிறுத்தாமல் விட்டிருப்பார்.

அவருடைய வேலையே அப்படித்தான். எடுக்க வேண்டியது எடுத்து முடிந்ததும் கேமராவை நிறுத்த மாட்டார். மனசுக்குள் ஒன்றிலிருந்து நூறுவரை எண்ணுவார். உதடு மட்டும் லேசாக அசையும். நூறு வந்த பிறகுதான் விரல் பொத்தானுக்குப் போகும். அந்த நூறுக்குள் ஏதாவது நடந்தால் மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பிப்பார். பார்க்கிறவர்களுக்கு ஏதோ மந்திரம் சொல்வது போல இருக்கும்.

முதலில் அதைக் கேலி செய்தவர் தீனதயாளன். ராசிபுரம் நெசவுக் குடும்பத்துக்காரர். தறியை விட்டுவிட்டுத் திருச்செங்கோட்டில் கல்யாண வீடியோ ஸ்டூடியோ வைத்திருந்தார். நங்கையா மல்லசமுத்திரத்துக்காரர். அப்பா தங்கமுத்துவுக்குக் கடலைக் காடும் குச்சிக்கிழங்குக் காடும் இருந்தன. இயற்பியல் படித்துவிட்டு, தீனதயாளன் ஸ்டூடியோவில் ரசீது எழுதும் வேலைக்குத்தான் சேர்ந்தார். பெண்ணுக்குப் புடவை கட்டும் அறைக்குள் ஆண்கள் போக முடியாது என்பதால், ஒரு நாள் கேமராவை அவர் கையில் கொடுத்து உள்ளே அனுப்பினார்கள். அன்றைக்குப் போனவர் ரசீதுப் புத்தகத்துக்குத் திரும்பவில்லை.

"ஏம்மா செல்வி, பந்தியில எலையவே எடுத்துப்புட்டான். இன்னும் எதுக்கும்மா ஓடுது? டேப்பு என்ன மரத்துல காய்க்குதா?" என்று மண்டபம் முழுக்கக் கேட்கும்படி கத்துவாராம் தீனதயாளன்.

"எம்பத்தி மூணு" என்பாராம் நங்கையா.

"என்னது எம்பத்தி மூணு?"

"இப்ப நீங்க பேசுனீங்கல்ல, அதனால மறுக்கா ஒண்ணு."

அப்படி ஓடிய ஒரு டேப்பில், பெண்ணும் மாப்பிள்ளையும் காரில் ஏறிப் போனபிறகு பெண்ணின் அப்பா காலி நாற்காலிகளை எண்ணி அடுக்குவது பதிவாகியிருந்தது. எண்ணிக்கை தவறி, மறுபடி முதலிலிருந்து எண்ணுகிறார். மூன்றாவது தடவை நாற்காலியில் கையை ஊன்றியபடி அப்படியே நின்றுவிடுகிறார். அடுத்த வருடம் அவர் இறந்தபோது, அந்தப் பெண் ஸ்டூடியோவுக்கு வந்து அந்த ஒரு நிமிடத்தை மட்டும் தனியாகப் போட்டுக் கேட்டாள். அதற்கப்புறம் தீனதயாளன் டேப்பைப் பற்றிப் பேசவில்லை.

என் கல்யாணத்தில் மாப்பிள்ளையின் அக்கா என்ற முறையில் இணைச்சீர்ச் சடங்குக்கு மாப்பிள்ளை பக்கத்தில் உட்கார வேண்டியவரே அவர்தான். பட்டுப்புடவையோடு மேடைக்கு வந்து உட்காரும்வரை தோளில் கேமரா இருந்தது. அதைத் தீனதயாளனிடம் கொடுத்துவிட்டு, "நூறு வரைக்கும் நிறுத்தப்படாதுங்க" என்றார். புது மருமகளான எனக்கு அது எதுவும் விளங்கவில்லை. இவரோடு ஒரே வீட்டில் எப்படிக் காலந்தள்ளுவது என்று நினைத்துக்கொண்டேன்.

முகூர்த்தமுள்ள மாதங்களில் கல்யாணம் எடுப்பார். ஆடி, புரட்டாசி, மார்கழி மூன்றும் அவருக்கு. "ஊருக்கெல்லாம் ஆகாத மாசந்தான் பிரியா எனக்குத் தீவாளி" என்பார். அந்த மூன்று மாதங்களில்தான் அவருடைய படங்கள் எல்லாம் எடுக்கப்பட்டன. ஒரு படத்துக்கு மூன்று நான்கு வருடங்கள் ஆகும்.

முதல் படம் நாமக்கல் பக்கத்துக் கோழிப்பண்ணை ஒன்றில் முட்டை எடுக்கும் பெண்களைப் பற்றியது. அதில் வசந்தாமணி என்று ஒருவர் வருவார். பக்கத்தில் வேலை செய்கிறவர்களை, சின்னவர் பெரியவர் பார்க்காமல் சாமி என்றுதான் கூப்பிடுவார். நம் ஊரில் எல்லாரும் கூப்பிடுவதுதான். படத்துக்கு அடியில் ஆங்கில எழுத்து போட்டவர் வெளியூர்க்காரர். "சாமி, அந்த அட்டைய இப்படிக் குடு" என்பதை "கடவுளே, அந்த முட்டை அட்டையை இப்படிக் கொடு" என்று போட்டுவிட்டார். கல்கத்தாவில் படம் ஓடியபோது ஒரு பேராசிரியர் எழுந்து, உங்கள் பகுதியில் முட்டை வழிபாடு எத்தனை காலமாக இருக்கிறது என்று கேட்டிருக்கிறார். நங்கையா ஊருக்கு வந்து சமையலறை வாசலில் நின்றுகொண்டு அதைச் சொல்லிச் சிரித்த சிரிப்பில், நான் தோசையைக் கருகவிட்டேன். சிரித்து முடித்துவிட்டு, "நீ பி.ஏ. இங்கிலீஷ்தானே? இனிமே நீயே போடு" என்றார். அன்றிலிருந்து அவருடைய படங்களின் ஆங்கில வரிகள் என்னுடையவை.

அதே வசந்தாமணியால்தான் அவருக்கு இன்னொரு கட்டுப்பாடும் வந்தது. வேலைக்கு நடுவில் உட்கார்ந்து மூச்சு வாங்கியபடி, முதலாளியைப் பற்றி வசந்தாமணி ஒரு வார்த்தை வேடிக்கையாகச் சொன்னது படத்தில் இருந்தது. படம் வெளியான மறு மாதம் அவரை வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள். நங்கையா எட்டு நாள் அலைந்து வேறு இடத்தில் வேலை வாங்கிக் கொடுத்தார். ஆனாலும் அது அவரை விடவில்லை. அதன்பிறகு யாருடைய முகமாக இருந்தாலும், அவர்கள் தங்கள் பகுதியைப் பார்த்து, "செரி" என்று தங்கள் வாயால் சொன்னால்தான் படத்தில் இருக்கும். அந்தச் "செரி"யையும் பதிவு செய்து வைத்துக்கொள்வார்.

இனி நான் சொல்லப்போவது அப்படி வராமல் போன ஒரு செரியைப் பற்றி.

இரண்டாயிரத்துப் பதினேழில் நங்கையா ரிக் வண்டிகளைப் பற்றிப் படம் எடுக்க ஆரம்பித்தார். எங்கள் ஊரிலிருந்து கிளம்பி இந்தியா முழுக்க ஆழ்துளைக் கிணறு போடுகிற வண்டிகள். துளை போடக் குறிக்கும் இடத்தைப் பாயிண்ட் என்பார்கள். என் கணவர் அந்த வண்டிகளுக்குக் கம்பிரசர் சர்வீஸ் செய்கிறவர் என்பதால் ஒரு வண்டிக்காரரிடம் சொல்லி ஏற்பாடு செய்தார். வண்டி மேனேஜர் செந்தமிழன் தலையைச் சொறிந்தார்.

"ஏனுங்கண்ணா, பொம்பளைங்க ஏறுனா பாயிண்ட்டு பெயிலாயிரும்ங்க. பசங்க ஒத்துக்க மாட்டாங்க."

"ஒரு பாயிண்ட்டு பாப்பம். தண்ணி வரலீன்னா நான் ரயிலேறிக்கறேன்" என்றார் நங்கையா.

சத்தீஸ்கரில் முதல் பாயிண்டில் நூற்றெண்பது அடியில் தண்ணீர் பீறிட்டு வந்திருக்கிறது. அதற்கப்புறம் ஒவ்வொரு ஊரிலும், "அக்கா, மொதல்ல நீங்க எறங்கி நில்லுங்க" என்று அவரை இறக்கிவிட்ட பிறகுதான் வண்டியைப் பாயிண்டுக்குக் கொண்டுபோய் நிறுத்துவார்களாம். நான்காவது பாயிண்டில் அறுநூறு அடி போயும் தண்ணீர் இல்லை, கல்தூசிப் புகைதான் வந்தது. செந்தமிழன் அவரைப் பார்த்தார். "என்னயப் பாக்காதீங்க. அப்ப நான் மகாலட்சுமியும் இல்ல, இப்ப மூதேவியும் இல்ல. நான் கேமராக்காரி" என்றார் நங்கையா. அதைச் சொன்னபோதும் கேமரா ஓடிக்கொண்டிருந்தது. படத்தில் இருக்கிறது.

இரவில் அந்தந்த ஊரில் யார் வீட்டிலாவது பெண்களோடு படுத்துக்கொள்வார். பகலெல்லாம் தூசியில் நிற்பார். மொழி தெரியாத ஊர்கள். திரும்பி வரும்போது தலைமுடியை இரண்டு தடவை அலசினாலும் கல்மாவு போகாது. கூடப் போன ஆள் என்று ஒருவரும் கிடையாது. ஒலிப்பதிவையும் அவரேதான் பார்த்துக்கொண்டார்.

அந்த வண்டியில் துளை போடும் டிரில்லர் வேல்முருகன். மல்லசமுத்திரத்துக்கு நாலு கிலோமீட்டர் தள்ளி வீடு. முப்பது வயது இருக்கும். அப்பா இல்லை. அம்மா முத்தாயம்மாள் ஆடு வளர்த்துக்கொண்டு தனியாக இருந்தார். பன்னிரண்டு வருடம் கம்பிரசருக்குப் பக்கத்திலேயே நின்று வேல்முருகனுக்குக் காது மந்தம். ஆனால் பூமிக்கு அடியில் கல் மாறுவதைக் கையில் பிடித்த நெம்புகோலின் நடுக்கத்தை வைத்தே சொல்லிவிடுவான். கீழே கறுப்புக்கல், இப்போது வெள்ளைக்கல், இன்னும் இருபதடியில் பாறையில் சந்து வரும் என்று அவன் சொல்லச் சொல்ல, அதேபடி மேலே வரும் தூசியின் நிறம் மாறுகிற காட்சி ஒன்று உண்டு. எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்காது. நங்கையாவுக்கு அவன்தான் படம்.

இரண்டாயிரத்துப் பத்தொன்பது புரட்டாசி. ஒரு சாயங்காலம் வேல்முருகன் அம்மாவோடு போனில் பேசுவதை நங்கையா எடுத்தார். சட்டையில் சின்ன மைக் மாட்டியிருந்தது. காது மந்தம் என்பதால் போனை எப்போதும் ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவான். ஐப்பசிக்கு வந்துவிடுவதாகச் சொன்னான். அது முடிந்ததும் நங்கையா ஊருக்குக் கிளம்பி ரயில் ஏறினார். மறுநாள் விடியற்காலை, அடுத்த பாயிண்டுக்குப் போகும் வழியில் துளை போடும் ராடுகளை ஏற்றிக்கொண்டு கூடவே வரும் சப்போர்ட் வண்டி கவிழ்ந்து வேல்முருகன் இறந்துபோனான். ரயில் விஜயவாடாவைத் தாண்டிய பிறகு செந்தமிழன் போன் செய்து சொல்லியிருக்கிறார்.

நங்கையா வீட்டுக்கு வந்து கேமராப் பையை என்னிடம் கொடுத்துவிட்டு, வெறுங்கையோடு முத்தாயம்மாள் வீட்டுக்குப் போனார். வண்டியிலிருந்த அத்தனை பேரும் பிறகு தங்கள் பகுதியைப் பார்த்துச் செரி சொன்னார்கள். வேல்முருகனுக்காகச் சொல்ல வேண்டியவர் அவன் அம்மா. மூன்று மாதம் கழித்து நங்கையா அவரிடம் மெதுவாகக் கேட்டார்.

"அவஞ் சொல்லாமப் போனவன். அவன எதுக்கு சாமி நான் பாக்கோணும்?" என்றார் முத்தாயம்மாள்.

சாவு வீட்டில் எல்லாரும் சொல்வதுதானே அது. நங்கையாவும் அப்படித்தான் எடுத்துக்கொண்டார். அடுத்த முறை கேட்டபோது, "பாத்துப்புட்டா அப்பறம் பாக்கறதுக்கு என்ன இருக்குது?" என்றார். அதன்பிறகு நங்கையா கேட்பதையே விட்டுவிட்டார். போவதை விடவில்லை. பதினைந்து நாளைக்கு ஒரு தடவை பேருந்து ஏறிப் போய், சேர்ந்து உட்கார்ந்து கடலை உரித்துவிட்டு வருவார். ஒருநாளும் கேமராவைக் கொண்டுபோகவில்லை.

படம் நின்றுபோனது. வெளிநாட்டு விழா ஒன்று இரண்டு முறை தேதி நீட்டிக் கொடுத்துவிட்டு, பிறகு கடிதம் போடுவதை நிறுத்திக்கொண்டது. அவனை மட்டும் வெட்டி எடுத்துவிட்டுப் படத்தை முடிக்கலாம் என்று சிலர் சொன்னார்கள். செந்தமிழன் வீட்டுக்கே வந்து, "அந்தம்மா எங்கீங்கக்கா இதெல்லாம் பாக்கப்போவுது? போட்டுருங்க. அவம் பேராவது நிக்கட்டும்" என்றார்.

"பாக்காது. அதனாலதான் போட முடியாது" என்றார் நங்கையா.

எனக்கே அப்போது கோபம் வந்தது. மூன்று வருட உழைப்பு, பட்ட அத்தனை தூசி, எல்லாம் மாடி அறையில் ஒரு டப்பாவுக்குள் கிடக்கிறது. இவர் போய்க் கடலை உரிக்கிறார். என் கணவரிடம் முணுமுணுத்திருக்கிறேன். அவர், "அது இன்னும் எண்ணிக்கிட்டிருக்குது, விடு" என்றார்.

ஏறக்குறைய மூன்று வருடம் எண்ணினார்.

இரண்டாயிரத்து இருபத்திரண்டு வைகாசியில் நங்கையாவுக்கு முதல் தடவை நெஞ்சு வலி வந்தது. சேலத்தில் பத்து நாள் ஆஸ்பத்திரி, பிறகு வீட்டில் ஓய்வு. மல்லசமுத்திரம் போவது நின்றது. ஆடி முதல் வாரம் ஒருநாள் காலை பத்து மணிக்கு வாசலில், "செல்வி ஊடு இதுதானுங்களா?" என்று ஒரு குரல். கையில் ஒரு மஞ்சள் பையோடு முத்தாயம்மாள். பை நிறையப் பச்சைக் கடலை. பேருந்து நிலையத்திலிருந்து விசாரித்துக்கொண்டே நடந்து வந்திருக்கிறார்.

மாடி ஏறி, கட்டிலில் சாய்ந்திருந்த நங்கையாவைப் பார்த்ததும் இடுப்பில் கை வைத்து நின்றார்.

"ரெண்டு மாசமா ஆளக் காணோம். நீயும் சொல்லாமப் போயிருவயோன்னு பாக்க வந்தேன்."

"போவுலீங்க. இருக்கறேன்" என்று சிரித்தார் நங்கையா.

"இருக்கற லட்சணந்தான் தெரியுதே. அடுப்புக்கட்டையாட்டம் கெடக்கறே." நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். அறையைச் சுற்றிப் பார்த்தார். மேசையில் இருந்த கணினியைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "இதுக்குள்ளதான் இருக்கறானா?"

"ஆமாங்க."

"செரி, காட்டு. எனக்கும் வயசாச்சு, உனக்கு நெஞ்சு வேற செரியில்ல."

நங்கையா எழுந்து மேசைக்கு வந்தார். நான் காபி கொண்டுவந்தவள், தம்ளர்களோடு கதவோரமே நின்றுவிட்டேன். வழக்கமாக இந்த மாதிரி நேரத்தில் செரியைப் பதிவு செய்வதற்காகச் சின்னக் கேமரா ஒன்றை மேசை ஓரம் வைப்பார். அன்றைக்கு அதைத் தொடவில்லை.

திரையில் வேல்முருகன் வந்தான். முகமெல்லாம் கல்மாவு. கண்ணும் உதடும் மட்டும்தான் தெரிந்தன.

"மூஞ்சியப் பாரு, அரிசி மாவுல உழுந்தவனாட்டம். ஒரு துண்ட எடுத்துத் தொடச்சா என்னவாமா?" என்றார் முத்தாயம்மாள். கல்லைப் பற்றி அவன் பேசுவதைக் கேட்டார். "இதெல்லாம் எங்கிட்டச் சொன்னதே இல்ல" என்றார். பிறகு போன் பேசும் காட்சி வந்தது. அவன் பேச, பதிலுக்கு அவருடைய சொந்தக் குரலே பெட்டியிலிருந்து வந்தது. நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"சாப்ட்டீங்களாம்மா?"

"சாப்ட்டேஞ் சாமி. எப்ப வாரே?"

"ஐப்பசிக்கு வந்துருவேன். அந்தப் பொட்டக்குட்டிய வித்துப்புடாதீங்க."

"விக்குல சாமி. அலோ, என்ன சாமி, சத்தமே கேக்குல..."

பின்னால் கம்பிரசர் ஓட ஆரம்பிக்கிறது. யாரோ அவனைக் கூப்பிடுகிறார்கள். "சித்த இருங்கம்மா" என்கிறான்.

"இங்கதான்" என்றார் முத்தாயம்மாள். "இங்கதான் கட்டாயிருச்சு."

திரையில் வேல்முருகன் போனைக் கையில் பிடித்தபடி, திரும்பி நின்று இன்னொருவனுக்கு ராடு மாற்றச் சொல்லிக் கை காட்டுகிறான். முகம் தெரியவில்லை. முதுகு மட்டும்தான். வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்தில் கேமராவை நிறுத்தியிருப்பார்கள். பேச்சு முடிந்துவிட்டது, முகமும் இல்லை. அரை நிமிடத்துக்கும் மேலாக அந்த முதுகும் தூசியும்தான். பிறகு அவன் நினைவு வந்தது போல போனை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுவருகிறான். அந்தப் பக்கம் ஆள் இல்லை என்பது அவன் காதுக்குத் தெரியவில்லை.

"செரிங்கம்மா. வாரேனுங்கம்மா" என்று சத்தமாகச் சொல்லிவிட்டு, போனைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு போகிறான்.

"நிறுத்து" என்றார் முத்தாயம்மாள். "இப்ப யாருகிட்டச் சொன்னான்?"

"உங்ககிட்டத்தானுங்க."

"எங்கிட்டயா?"

"ஆமாங்க. ஏனுங்க, உங்களுக்குக் கேக்கலீங்களா?"

"எங்க கேட்டுச்சு? கட்டாயிருச்சே சாமி. நான் அலோ அலோன்னு கத்திப் பாத்தேன். திருப்பிப் போடுவான்னு அடுப்பக்கூடப் பத்தவெக்காம போனையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தேன். பொழுது விடிஞ்சா இப்படீன்னு சேதி வருது." முந்தானையைக் கையில் சுருட்டிக்கொண்டார். "தீப்பெட்டி வாங்கக் கடைக்குப் போனாக்கூட வாரேனுங்கம்மான்னுட்டுத்தான் போவான். ஒருநாளும் போறேன்னதில்ல, சொல்லாமலும் போனதில்ல. அன்னைக்குச் சொல்லாமயே வெச்சுப்புட்டான்னுதான், சாமி, இத்தன நாளா..."

சொல்லாமல் போனவன் என்று அவர் சொன்னது எதை என்று எங்கள் இருவருக்கும் அப்போதுதான் விளங்கியது. மூன்று வருடமாக அவர் வாரேன் என்ற அந்த ஒரு சொல்லைப் பற்றி மட்டும்தான் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். மூன்று வருடமாக அதற்கு மறுமொழி எங்கள் மாடியில் இருந்திருக்கிறது. போன் முன்பே அறுந்துவிட்டது என்பது நங்கையாவுக்குத் தெரியாது. மகன் சொன்னான் என்பது முத்தாயம்மாளுக்குத் தெரியாது.

நங்கையாவின் கை மேசை விளிம்பைப் பிடித்திருந்தது. நான் அவரை அப்படிப் பார்த்ததில்லை. "அறுவத்தி நாலுல இருந்தேன்" என்றார், யாரிடமோ சொல்வது போல. "அறுவத்தி நாலு எண்ணும்போது போனத் தூக்குனான். போதும்னு நிறுத்தலாமான்னு அப்ப நெனச்சேன்."

முத்தாயம்மாளுக்கு அது புரிந்திருக்காது. "இன்னொருக்கா அதப் போடு" என்றார். போட்டார். நான்கு முறை போட்டார். நான்காவது முறை முடிந்ததும் முத்தாயம்மாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, ஆறிப்போன காபியை ஒரே மடக்கில் குடித்தார்.

"செரி சாமி. காட்டு. எல்லாத்துக்கும் காட்டு. அந்த முதுகயும் வெட்டிப்புடாத."

"வெட்ட மாட்டேனுங்க."

"அந்தப் பொட்டக்குட்டி இப்ப மூணு போட்டிருக்குது. ஒண்ணும் விக்குல" என்றார். மஞ்சள் பையை உதறி மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு எழுந்தார். படி இறங்கும்போது திரும்பிப் பார்த்து, "வாரேஞ் சாமி" என்றார்.

அவர் போன பிறகு, ஏன் அந்தச் செரியைப் பதிவு செய்யவில்லை என்று நங்கையாவிடம் கேட்டேன். "எனக்கு வேண்டிய செரி ஏற்கெனவே அவன் வாயாலயே அதுல இருக்குது புள்ள" என்றார். பச்சைக் கடலையை வேகவைக்கச் சொல்லி என் கையில் கொடுத்தார்.

அதன்பிறகு ஒன்றரை வருடம், கல்யாணங்களுக்கு நடுவே அந்தப் படத்தைத் தனியாக உட்கார்ந்து வெட்டி ஒட்டி முடித்தார். போன மாதம் முழுநீளமாகப் போட்டு எங்கள் இருவருக்கும் காட்டினார். தண்ணீர் வராத கிணறுகள், வந்த கிணறுகள், மாவு பூசிய முகங்கள். வேல்முருகனின் முதுகு அரை நிமிடத்துக்கும் மேலாக, ஒரு நொடிகூடக் குறையாமல் இருந்தது. கல்யாண மண்டபத்தில் இலை எடுக்கும் நேரத்தில் ஆரம்பித்த ஒரு பழக்கம் ஒரு தாயிடம் அவள் மகனின் சொல்லைக் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறது. படம் முடிந்து விளக்கைப் போட்டபோது, தன் அக்காவை முதல் தடவை பார்ப்பவர் போல என் கணவர் பார்த்தார். கீழே போய் அவருக்குப் பால் காய்ச்சிக் கொண்டுவந்தார்.

ஆங்கில வரிகளை நான் எழுதினேன். மொத்தம் அறுநூற்றுப் பதினொன்று. சாமி என்று வந்த இடத்திலெல்லாம் சாமி என்றே விட்டோம். கடவுளைக் கொண்டுவரவில்லை. ஒரே ஒரு வரியில் நின்றோம். "வாரேனுங்கம்மா." முதலில், பை அம்மா என்று போட்டேன். "பைன்னா போறான். அவன் போறேங்கல" என்றார். வருகிறேன் என்பதை அப்படியே ஆங்கிலத்தில் போட்டேன். "தெரியாதவங்க அவன் வந்துட்டிருக்கறான்னு நெனைப்பாங்க. அப்பறம் பொய் சொன்னவனாயிருவான்" என்றார். வேறு நான்கு விதமாக எழுதிக் காட்டினேன். ஒவ்வொன்றையும் வாய்க்குள் சொல்லிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார்.

"அது கெடக்கட்டும். அவசரமா போட்டு அந்தம்மா கிட்டப் பேச்சு வாங்காதே. கெங்கவல்லி போயிட்டு வந்து சொல்றேன்" என்றார். அது திங்கட்கிழமை. கெங்கவல்லியிலிருந்து போன் வந்தது வியாழக்கிழமை.

மற்ற அறுநூற்றுப் பத்து வரிகளும் முடிந்துவிட்டன. முந்நூற்று எண்பத்தெட்டாம் வரியில், அது தொடங்கும் நொடியும் முடியும் நொடியும் மட்டும் இருக்கின்றன. எழுத்து எதுவும் இல்லை.